உள்ளே விட்டாங்க... மேலே?

இன்டர்னல்ஸ் முடிஞ்சு இப்போ கொஞ்சம் மூச்சு விட்டிருப்பீங்க. இந்த வாரம் உங்களை ஈ.சி.ஆர். பக்கம் கூட்டிட்டுப் போறேன். ‘ஐ... ரிசார்ட்டா?’னு குதிக்காதீங்க. ரிசார்ட்டுக்குப் போற அளவுக்கு எனக்கு இங்கே ஸ்டைபண்ட் தர்றதில்லை (எடிட்டர் சார், இந்த வரியை மட்டும் கட் பண்ணிடாதீங்க!). நாம போறது கோவளம். கேளம்பாக்கத்துல பஸ் பிடிச்சு, உப்பளத்தை ரெண்டு பக்கமும் வேடிக்கை பார்த்துக்கிட்டே போனா, சர்ச், தர்கா, மீன் வலை, சர்ஃபிங் பசங்கனு எல்லாம் ஒரே இடத்துல கலந்து கட்டி நிற்கும் பாருங்க... அந்தக் கோவளம்.

ஏன் திடீர்னு கோவளம்? என் ரூம்மேட்தான் காரணம். அவன் ஊர் அது. அப்பா கடலுக்குப் போறவர். பையன் நம்ம கிளாஸ்ல எப்பவும் முதல் பெஞ்ச். படிப்பாளிங்கிறதால இல்லை, லெக்சரரோட உதடு தெரியணும்கிறதால. ரெண்டு காதுலயும் ஹியரிங் எய்டு. சார் போர்டு பக்கம் திரும்பிப் பேச ஆரம்பிச்சா, அவன் நோட்டு அந்த இடத்துல காலியா இருக்கும். அப்புறம் என் நோட்டை வாங்கி எழுதுவான். (என் நோட்டை நம்பியும் அவன் நல்ல மார்க் எடுக்கறது தனி அதிசயம்!)

அவன் இப்போ கேட் எக்ஸாமுக்கு வெறித்தனமா படிச்சுக்கிட்டு இருக்கான். ஏதாவது ஒரு பப்ளிக் செக்டார் கம்பெனியில உட்காரணும்ங்கிறது ஆசை. ஒரு நாள் மெஸ்ல சாப்பிடும்போது நான் சும்மா இருக்க மாட்டாம, “உனக்கென்னடா, 4 பர்சென்ட் இருக்கு, ஈஸியா உள்ளே போயிடுவே”னு சொல்லிட்டேன். நாக்குல சனி! அவன் கோபப்படலை. சாதத்தைப் பிசைஞ்சுக்கிட்டே, “உள்ளே போறதுக்கு இருக்கு. மேலே போறதுக்கு? எங்க சித்தப்பாகிட்ட வந்து கேளு”ன்னான். கேட்கப் போன கதைதான் இது.

ஞாயித்துக்கிழமை மத்தியானம். சித்தி தட்டு நிறைய நெத்திலி வறுவல் வெச்சாங்க. சித்தப்பா சின்ன வயசுலேயே போலியோவால இடது கால் பாதிக்கப்பட்டவர். “கால் நல்லா இருந்திருந்தா நானும் அண்ணன் மாதிரி கடலுக்குத்தான் போயிருப்பேன் தம்பி. இவன் படகுல நிற்க மாட்டான்னுதான் ஸ்கூலுக்கே அனுப்பினாங்க”னு சிரிச்சுக்கிட்டே சொன்னார். ஸ்கூல், கரெஸ்பாண்டன்ஸ்ல டிகிரி, டைப்ரைட்டிங் ஹையர்னு முடிச்சு, 1997-ல் ஒரு மத்திய அரசு ஆபீஸ்ல எல்.டி.சி., அதாவது கீழ்நிலை எழுத்தரா வேலைக்குச் சேர்ந்தார். அப்போ அவருக்கு வயசு 30. எந்த ஆபீஸ்னு நான் எழுத மாட்டேன். “இன்னும் சர்வீஸ்ல இருக்கேன் தம்பி”ன்னார். புரியுது இல்ல?

2006-ல் யு.டி.சி., அதாவது மேல்நிலை எழுத்தர் ஆனார். அதோட வண்டி நின்னுபோச்சு. அடுத்த படி அசிஸ்டென்ட். அந்த நாற்காலிக்கு அவர் போய்ச் சேர்ந்தது 2024-ல். கணக்கு போடுங்க... 18 வருஷம்! நடுவுல எம்.ஏ.சி.பி.னு ஒரு திட்டத்துல சம்பளம் மட்டும் கொஞ்சம் ஏறும். நாற்காலி மாறாது. அவர்கிட்ட ஃபைல் போடக் கத்துக்கிட்ட பையனே டிபார்ட்மென்ட் எக்ஸாம் எழுதி அவருக்கு மேல போய் உட்கார்ந்தான். “நீங்களும் எழுதியிருக்கலாமே?”ன்னேன். “எழுதினேன் தம்பி. ரெண்டு தடவை. ரெண்டு மார்க்குல ஒரு தடவை, அஞ்சு மார்க்குல ஒரு தடவை போச்சு. அதுல எனக்கு வருத்தம் இல்லை. எனக்கு வருத்தம் இதுல”னு ஒரு பச்சைக் கலர் ஃபைலைக் கொண்டாந்து வெச்சார்.

அந்த ஃபைல்தான் ஃப்ரெண்ட்ஸ் இந்த வார ஹீரோ. பேப்பர் கட்டிங், சர்க்குலர் ஜெராக்ஸ், கோர்ட் தீர்ப்புனு 25 வருஷத்துக்கு மேல சேர்த்து வெச்சிருக்கார். நெத்திலியைக் கொறிச்சுக்கிட்டே ஒவ்வொண்ணாப் பார்த்தோம்.

முதல் பேப்பர், 1989 நவம்பர்ல மத்திய அரசு போட்ட உத்தரவு. வேலையில இருக்கிற ஊனமுற்றவர்களுக்கு (அப்போ பேப்பர்ல அதுதான் வார்த்தை, ‘மாற்றுத் திறனாளி’ 2010 வாக்குல, கலைஞர் முதல்வரா இருந்தப்போதான் அரசாங்க பாஷைக்குள்ள வந்தது) பதவி உயர்வுலயும் இட ஒதுக்கீடு உண்டுனு அதுல இருக்கு. அட, 1989-லேயே இருக்கே, அப்புறம் என்ன பிரச்னைனு கேட்கறீங்களா? நானும் அதையேதான் கேட்டேன். “முழுசாப் படி”ன்னார். குரூப் ‘டி’க்குள்ள, ‘டி’யில இருந்து ‘சி’க்கு, ‘சி’க்குள்ள. அவ்வளவுதான்! பியூன் கிளார்க் ஆகலாம், கிளார்க் பெரிய கிளார்க் ஆகலாம். ஆபீஸர்ங்கிற குரூப் ‘பி’, ‘ஏ’ பக்கம் கதவு சாத்து. இவர் எல்.டி.சி.யில இருந்து யு.டி.சி. ஆனது அந்தக் கதவுக்கு இந்தப் பக்கம். 18 வருஷம் நின்னது அந்தக் கதவு முன்னாடி.

அடுத்த பேப்பர், 1995-ம் வருஷச் சட்டம். 1996 பிப்ரவரியில நடைமுறைக்கு வந்தது. 33-வது பிரிவுல, காலியிடங்கள்ல குறைஞ்சது 3 சதவீதம்னு போட்டிருக்கு. பார்வைக்கு 1, காதுக்கு 1, கை கால் பாதிப்புக்கு 1. நல்லாக் கவனிங்க, ‘காலியிடம்’னுதான் இருக்கு. அந்தக் காலியிடத்தை பரீட்சை வெச்சு வெளியில இருந்து நிரப்பறாங்களா, உள்ளே இருக்கிறவருக்கு ப்ரமோஷன் கொடுத்து நிரப்பறாங்களாங்கிற பேச்சே அங்கே இல்லை. ஆனா 2005 டிசம்பர் 29-ம் தேதி வந்த மத்திய அரசு சர்க்குலர் பழைய பாட்டையே பாடிச்சு. ‘ஏ’, ‘பி’ குரூப்புக்கு நேரடி நியமனத்துல மட்டும்தான், ப்ரமோஷன்ல கிடையாது.

அரசாங்கம் சொன்ன காரணம் என்ன தெரியுமா? 1992 நவம்பர்ல வந்த மண்டல் வழக்குத் தீர்ப்பு. ஒன்பது நீதிபதிகள் உட்கார்ந்து, பிற்படுத்தப்பட்டவங்களுக்கான இட ஒதுக்கீடு வேலையில சேர்றதோட சரி, ப்ரமோஷனுக்குக் கிடையாதுன்னு சொன்ன தீர்ப்பு அது. (எஸ்.சி., எஸ்.டி.க்கு அப்புறம் அரசியல் சட்டத்தையே திருத்தினாங்க, அது பெரிய கதை.) ‘அவங்களுக்கே இல்லைனா உங்களுக்கு எப்படி?’ன்னு கேட்டுட்டாங்க.

இதை உடைச்சது யாருனு நினைக்கறீங்க? நம்ம ஜாதிக்காரங்க... அட, இன்ஜினீயர்ங்கிற ஜாதியைச் சொன்னேன்! தூர்தர்ஷனையும் ஆல் இந்தியா ரேடியோவையும் நடத்தற பிரசார் பாரதியில வேலை பார்த்த மாற்றுத் திறனாளிகள் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனாங்க. அங்கே இருக்கிற இன்ஜினீயரிங் பிரிவு வேலைகள்ல நேரடியா ஆள் எடுக்கறது கீழ்ப் படிகள்ல மட்டும்தான். மேல இருக்கிறது பெரும்பாலும் ப்ரமோஷன்லதான் நிரம்பும். அப்போ ‘ஏ’, ‘பி’ குரூப்ல எங்களுக்கு 3 சதவீதம்னு பேப்பர்ல எழுதி வெச்சு என்ன பிரயோஜனம்னு கேட்டாங்க. வாசல்ல வரவேற்பு வளையம் கட்டிட்டு, மாடிப்படிக்குப் பூட்டு போட்ட கதை!

2016 ஜூன் 30. நீதிபதிகள் செலமேஸ்வரும் அபய் மனோகர் சப்ரேயும் தீர்ப்பு சொன்னாங்க. ராஜீவ் குமார் குப்தா வழக்குனு தேடினா கிடைக்கும். மண்டல் தீர்ப்பு சமூகரீதியாப் பிற்படுத்தப்பட்டவங்களைப் பத்தினது. உடல் குறைபாடுங்கிறது வேற அடிப்படை, அந்தத் தடையை இங்கே கொண்டாந்து ஒட்ட முடியாது. ஒரு வேலை மாற்றுத் திறனாளிகளுக்கு ஏத்ததுன்னு அடையாளம் காட்டியாச்சுனா, அதை எந்த வழியில நிரப்பினாலும் 3 சதவீதம் உண்டு. மறுத்த சர்க்குலர்கள் செல்லாது. சித்தப்பா இந்தத் தீர்ப்பு வந்த அன்னிக்கு ஆபீஸ்ல லட்டு கொடுத்தாராம். “அவசரப்பட்டுட்டேன்”ங்கிறார் இப்போ.

ஏன்னா 2017 பிப்ரவரியில இன்னொரு பெஞ்ச், இந்தத் தீர்ப்பு சரியான்னு பெரிய பெஞ்ச் பார்க்கட்டும்னு அனுப்பிடிச்சு. அது கர்நாடகாவில இருந்து போன சித்தராஜு வழக்கு. மூணு வருஷம் போச்சு. 2020 ஜனவரி 14, நம்ம பொங்கலுக்கு முதல் நாள், மூணு நீதிபதிகள், ‘2016-ல் சொன்னது சரிதான்’னு முடிச்சாங்க. அதுல ஒருத்தர் மன்னார்குடிக்காரர், நம்ம மெட்ராஸ் ஹைகோர்ட்டுல இருந்து போன ராமசுப்ரமணியன்.

ஃபைல்ல அடுத்து இருந்தது எனக்கு ரொம்பப் பிடிச்ச வழக்கு. பக்கத்து ஸ்டேட் கேரளா. லீசம்மா ஜோசப் வழக்குனு பேர். அண்ணன் தம்பியில ஒருத்தர் சர்வீஸ்ல இருக்கும்போது இறந்துபோனதால, கருணை அடிப்படையில 1996-ல் போலீஸ் டிபார்ட்மென்ட்ல டைப்பிஸ்ட் வேலை கிடைச்சவங்க. இவங்களுக்கும் போலியோ. ப்ரமோஷன்ல எனக்கு உரிய இடம் வேணும்னு கேட்டாங்க. அரசாங்கம் என்ன சொல்லிச்சு? ‘நீங்க மாற்றுத் திறனாளி கோட்டாவுல உள்ளே வரலையே! அதுவுமில்லாம எங்க ரூல்ஸ்ல ப்ரமோஷனுக்கு ஒதுக்கீடே கிடையாதே!’ 2021 ஜூன் 28-ல் சுப்ரீம் கோர்ட் ரெண்டையும் ஏத்துக்கலை. எந்த வாசல் வழியா வந்தாங்கங்கிறது முக்கியம் இல்லை, உள்ளே வந்த பிறகு எல்லாரும் ஒண்ணுதான். ரூல் எழுதாம விட்டது அரசாங்கத்தோட தப்பு, அதைக் காட்டியே உரிமையை மறுக்க முடியாது. மேலே போக வழி இல்லாத வேலையில ஆளு தேங்கித்தான் போவாங்கன்னும் தீர்ப்புல சொல்லியிருக்காங்க. அந்த இடத்துல சித்தப்பா ஸ்கெட்ச் பேனாவால அடிக்கோடு போட்டிருந்தார். ரெண்டு கோடு.

இதுக்குள்ள சட்டமே மாறிடிச்சு. 1995 சட்டம் போய் 2016-ல் புதுச் சட்டம், 2017 ஏப்ரல் 19-ல் இருந்து நடைமுறை. 3 சதவீதம் 4 ஆச்சு. இதுல 34-வது பிரிவுல ஒரு குட்டி வாசகம் இருக்கு: ப்ரமோஷன்ல இட ஒதுக்கீடு, உரிய அரசு அப்பப்போ போடற உத்தரவுப்படி. அதாவது சட்டம் கதவைக் காட்டிடுச்சு, சாவி அரசாங்கத்துகிட்ட. அந்த உத்தரவை நாலு மாசத்துக்குள்ள போடுங்கன்னு 2021 செப்டம்பர்ல சுப்ரீம் கோர்ட் சொல்ல வேண்டி வந்தது. 2022 மே 17-ல்தான் மத்திய அரசோட ஆர்டர் வந்தது. ‘சி’க்குள்ள, ‘சி’யில இருந்து ‘பி’க்கு, ‘பி’க்குள்ள, ‘பி’யில இருந்து ‘ஏ’வோட முதல் படிக்கு... இங்கெல்லாம் 4 சதவீதம். ஒரு கண்டிஷன், அந்த கிரேடுல நேரடி நியமனம் 75 சதவீதத்துக்கு மேல இருக்கக் கூடாது. இது மத்திய அரசு வேலைகளுக்கு. ஸ்டேட் வேலைனா ‘உரிய அரசு’ங்கிறது ஸ்டேட் கவர்ன்மென்ட், அதனால அங்கே அரசாணையைத்தான் பார்க்கணும்.

கொஞ்சம் டெக்னிகலா இருக்கா? சரி, நமக்குத் தெரிஞ்ச பாஷையில சொல்றேன். 100 கட்டம் போட்ட ஒரு நோட்டை நினைச்சுக்கங்க. அதுதான் ரோஸ்டர். ஒவ்வொரு காலியிடமும் ஒரு கட்டம். இதுல 1, 26, 51, 76 நாலும் மாற்றுத் திறனாளிகளுக்கு. 25 கட்டத்துக்கு ஒருத்தர். (3 சதவீதமா இருந்தப்போ 1, 34, 67.) அப்புறம் இது ‘கிடைமட்ட’ ஒதுக்கீடு. மேட்ரிக்ஸ்ல காலம், ரோ இருக்கே, அது மாதிரி. எஸ்.சி., ஓ.பி.சி., பொதுனு இருக்கறது காலம். மாற்றுத் திறனாளிங்கிறது அதுக்குக் குறுக்கே போற ரோ. வர்றவர் எந்தக் காலத்தைச் சேர்ந்தவரோ அங்கே உட்காருவார். தனியா ஒரு காலம் சேர்க்கறதில்லை. ‘இவங்க வந்தா எல்லாம் போச்சு’னு கேம்பஸ்ல சில பேர் புலம்பறதைக் கேட்டிருக்கேன். 100-ல் 4, அதுவும் இருக்கிற காலத்துக்குள்ளேயே. எல்லாம் எங்கேயும் போகலை பாஸ்!

‘சரி, உள்ளே வரும்போது ஒரு தடவை கோட்டா, ப்ரமோஷனுக்கு இன்னொரு தடவையா?’ உங்க மனசுல இந்தக் கேள்வி ஓடுதுனா, ஒண்ணும் தப்பில்லை. எனக்கும் ஓடிச்சு. நேரடியாவே கேட்டுட்டேன். ரூம்மேட் என்னை முறைச்சான். சித்தப்பா முறைக்கலை.

“தம்பி, எனக்கு வேலை 30 வயசுல கிடைச்சது. எங்களுக்கு வயசு வரம்புல தளர்வு உண்டு இல்லையா, அதனால லேட்டா வர்றவங்க நிறைய. பள்ளிக்கூடம் போறதே லேட்டு, காலேஜ் லேட்டு, பரீட்சை எழுத ஸ்க்ரைப் கிடைக்கறது லேட்டு. என்கூட சேர்ந்த பசங்களுக்கு 22, 23. ப்ரமோஷன் எப்படி? சீனியாரிட்டி லிஸ்ட்ல க்யூ. அந்த க்யூ என்கிட்ட வர்றதுக்குள்ள நான் ரிடையர் ஆகிடுவேன். அவங்களுக்கு இன்னும் ஏழெட்டு வருஷம் மிச்சம் இருக்கும். நான் குறைச்சலா வேலை செய்யலை. லேட்டா க்யூவுல நின்னேன். ஏன் லேட்டுனா, பஸ்ல ஏற முடியலை.”

அப்புறம் இன்னொண்ணும் சொன்னார். ரோஸ்டர் கட்டம் வந்ததும் யாரையும் தூக்கி உட்கார வெக்கறதில்லை. தேவையான வருஷ சர்வீஸ் இருக்கணும், ரிப்போர்ட் நல்லா இருக்கணும், டிபார்ட்மென்ட் கமிட்டி தகுதியானவர்னு சொல்லணும். அந்த ரிப்போர்ட்டுல விளையாடற கதையும் உண்டு. ‘இவரால ஃபீல்டுக்குப் போக முடியாது’னு ஒரு வரி எழுதிட்டா போதும். அவரோட ஃப்ரெண்ட் ஒருத்தர், ரெண்டு கையிலயும் கட்டை வெச்சு நடக்கறவர், ப்ரமோஷன் வந்தும் வேண்டாம்னு எழுதிக் கொடுத்துட்டார். ஏன்னா ப்ரமோஷனோட தெரியாத ஊருக்கு டிரான்ஸ்ஃபரும் சேர்ந்து வந்தது. முதல் மாடி ஆபீஸ், லிஃப்ட் கிடையாது. ப்ரமோஷன் சமயத்துல இவங்களுக்கு ஊர் விஷயத்துல முன்னுரிமை கொடுக்கலாம்னு 2014 மார்ச்சுல ஒரு சர்க்குலர் வந்தது. ஃபைல்ல அதுவும் இருக்கு. ஃப்ரெண்டுக்குத்தான் அது லேட்.

2022 ஆர்டர் வந்து, ரோஸ்டர் போட்டு, கமிட்டி கூடி, சித்தப்பா அசிஸ்டென்ட் ஆனது 2024-ல். நடுவுல 2023 டிசம்பர் 28-ல் இன்னொரு ஆர்டர். இந்தப் ப்ரமோஷனை 2016 ஜூன் 30-ல் இருந்தே, அதாவது முதல் தீர்ப்பு வந்த நாள்ல இருந்தே கணக்குல எடுத்துக்கலாம். ஆனா ‘நோஷனல்’! பேப்பர்ல மட்டும் 2016-லேயே ப்ரமோஷன் ஆன மாதிரி சம்பளத்தைக் கணக்கு போடுவாங்க. கையில பணம் நாற்காலியில உட்கார்ந்த நாள்ல இருந்துதான். இடையில உள்ளதுக்கு அரியர்ஸ் கிடையாது. (நமக்கு அரியர் இல்லைனா சந்தோஷம், அவங்களுக்கு அரியர்ஸ் இல்லைனா வருத்தம். என்ன உலகம்டா இது!)

இவருக்கு அந்தக் கணக்கு இன்னும் போட்டு முடியலை. ஃபைல் ஒரு டேபிள்ல இருந்து இன்னொரு டேபிளுக்குப் போய்க்கிட்டு இருக்கு. ரிடையர்மென்ட்டுக்கு அதிக நாள் இல்லை. கடைசியா வாங்கற சம்பளத்தை வெச்சுத்தான் பென்ஷன். அதனால அந்தப் பேப்பர் கணக்கு வெறும் பேப்பர் இல்லை. சித்தி கிச்சன்ல இருந்தே, “பொண்ணு கல்யாணத்துக்குள்ள வருமானு கேளு தம்பி”ன்னாங்க. நான் யாரைக் கேட்கிறது?

இப்போ ரூம்மேட் விஷயத்துக்கு வருவோம். அவன் கேட் எழுதி பப்ளிக் செக்டார் கம்பெனியில எக்ஸிக்யூட்டிவ் டிரெய்னியா போறான்னு வெச்சுக்கங்க. பொதுவா அந்த எக்ஸிக்யூட்டிவ் வேலையே குரூப் ‘ஏ’வோட முதல் படி. ப்ரமோஷன் ஒதுக்கீடு எது வரைக்கும்? ‘ஏ’வோட முதல் படி வரைக்கும்! அதாவது சித்தப்பா 27 வருஷம் போராடி ஏறின ஏணி எங்கே முடியுதோ, அதுக்குக் கொஞ்சம் மேலதான் இவன் ஆரம்பிப்பான். அதுக்கப்புறம் அவனுக்கு ரோஸ்டர் கட்டம் எதுவும் இல்லை. மேனேஜர், சீனியர் மேனேஜர் எல்லாம் ஓபன் மைதானம். ஜூனியர் இன்ஜினீயரா கீழ இருந்து போறவங்களுக்குத்தான் இடையில அந்தக் கட்டங்கள் உதவும்.

அப்போ இவனுக்கு ஒண்ணுமே இல்லையா? இருக்கு. 2016 சட்டத்தோட 20-வது பிரிவு. குறைபாடு இருக்கிற ஒரே காரணத்துக்காக யாருக்கும் ப்ரமோஷனை மறுக்கக் கூடாது. இதுக்கு சதவீதம், படி எதுவும் கிடையாது. சேர்மன் நாற்காலி வரைக்கும் செல்லும். ஆனா ‘காது கேட்காததால கொடுக்கலை’னு எந்த மடையன் ஃபைல்ல எழுதுவான்? ‘டீம் மீட்டிங்ல பங்களிப்பு போதாது’னு எழுதுவான். அதை உடைக்கணும்னா, மீட்டிங்ல எனக்கு எழுத்துல வேணும், கேப்ஷன் வேணும்னு இவன் கேட்டதுக்கான காகிதம் கையில இருக்கணும். அதனாலதான் சித்தப்பா இவனுக்குச் சொன்ன ஒரே அட்வைஸ்: “வேலையில சேர்ற அன்னிக்கே ஒரு ஃபைல் வாங்கு.”

அந்த 20-வது பிரிவுல இன்னொரு வரி நம்ம எல்லாருக்குமானது. வேலையில சேர்ந்த பிறகு குறைபாடு வந்தா வேலையை விட்டு அனுப்பவோ பதவியைக் குறைக்கவோ கூடாது. அந்த வேலை செய்ய முடியலைனா அதே சம்பளத்துல வேற வேலை கொடுக்கணும். பழைய சட்டத்துல இது 47-வது பிரிவு. மதுரை போக்குவரத்துக் கழக டிரைவர் ஒருத்தருக்கு நிறக்குருடுனு சொல்லி வேலையைப் பறிச்சப்போ, 2006-ல் மெட்ராஸ் ஹைகோர்ட் அந்தப் பிரிவைக் காட்டித்தான் அவர் பக்கம் நின்னது. ஈ.சி.ஆர்.ல ஹெல்மெட் இல்லாம பைக்ல பறக்கிற நண்பர்கள் இந்தப் பிரிவை நம்பி இன்னும் வேகமாப் போக வேண்டாம்!

சாயங்காலம் பீச்சுக்குப் போனோம். கோவளம் பீச்சுக்கு 2021-ல் ‘நீலக்கொடி’ கிடைச்சது தெரியும்தானே? சுத்தமான தண்ணி, பாதுகாப்புனு 33 விஷயம் பார்த்துக் கொடுக்கிற சர்வதேச சர்டிஃபிகேட். மாற்றுத் திறனாளிகள் வந்துபோற வசதியும் அந்த லிஸ்ட்ல உண்டு. சித்தப்பா வீட்டு ஆளுங்க பரம்பரையா தொழில் செய்யற கரை. அவர் அலைகிட்டப் போய் நின்னதே 50 வயசுக்கு மேலதானாம். “வலை இழுக்கிற ஆளுக்குத்தான் முன்னெல்லாம் இங்கே வேலை”ன்னார்.

திரும்பும்போது எனக்கு சிட்டிக்குள்ள போய் இந்த மேட்டரைக் கொடுக்கணும்கிறதால ஈ.சி.ஆர். வழியா வந்தோம். முட்டுக்காடு போட் ஹவுஸ் பக்கம் நீங்க எல்லாரும் செல்ஃபி எடுத்திருப்பீங்க. அங்கேயே, கோவளம் போஸ்ட் அட்ரஸ்லயே, ஒரு மத்திய அரசு இன்ஸ்டிட்யூட் இருக்கு. என்.ஐ.இ.பி.எம்.டி. ஒண்ணுக்கு மேற்பட்ட குறைபாடு இருக்கிறவங்களுக்காக நாட்டுக்கே ஒரு தேசிய நிறுவனம், 2005-ல் ஆரம்பிச்சது. அந்த போர்டை இவ்வளவு நாளும் நான் படிச்சதே இல்லை. 1995 சட்டத்துல வேலைக்கான 3 சதவீதத்துல இங்கே வர்ற பிள்ளைங்களுக்குனு தனிக் கணக்கே கிடையாது. ஆட்டிசம், அறிவுசார் குறைபாடு, மனநோய், பன்முகக் குறைபாடு எல்லாருக்கும் சேர்த்துத்தான் 2016-ல் அந்த நாலாவது 1 சதவீதம் வந்தது. அவங்க இப்போதான் வாசல்ல நிற்கறாங்க. அவங்களோட ப்ரமோஷன் ஃபைலை யாரும் இன்னும் ஆரம்பிக்கக்கூட இல்லை.

பஸ்ல ரூம்மேட் போன்ல ஒரு பப்ளிக் செக்டார் வேலை அறிவிப்பைத் தடவிக்கிட்டு வந்தான். இதுல கடைசிப் பக்கங்கள்ல ஒவ்வொரு வேலைக்கும் என்ன திறன் வேணும்னு எழுத்து போட்டிருப்பாங்க. ‘எஸ்’னா உட்கார்றது, ‘எஸ்.டி.’னா நிற்கிறது, ‘எஸ்.இ.’னா பார்க்கிறது, ‘ஹெச்’னா கேட்கிறது. உங்க கிளாஸ்ல இந்த வகையில அப்ளை பண்றவங்க இருந்தா, கல்வித் தகுதியைப் பார்க்கறதுக்கு முன்னாடி இதைப் பார்க்கச் சொல்லுங்க. 40 சதவீதம் அல்லது அதுக்கு மேல குறைபாடு, யு.டி.ஐ.டி. கார்டு, இதெல்லாம் முதல்லயே ரெடியா இருக்கணும். வேலைக்குப் போன பிறகு பிரச்னைனா, ஒவ்வொரு அரசு நிறுவனத்துலயும் ஒரு குறைதீர்ப்பு அதிகாரி இருந்தாகணும், புகாரைப் பதிவு பண்ணி ரெண்டு வாரத்துக்குள்ள விசாரிக்கணும்னு 23-வது பிரிவு சொல்லுது. ரோஸ்டரைக் காட்ட மாட்டேன்னா ஆர்.டி.ஐ. போடலாம். சித்தப்பா மூணு போட்டிருக்கார்.

ஒரு வேலைக்கு ‘ஹெச்’ இல்லை. “மச்சி, இது எனக்கு ஓகே!”னு கத்தினான். பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. அவனுக்கு அவன் சத்தம் எவ்வளவுனு தெரியாது. அப்புறம் அவனே அமைதியாகி, “இதுக்கு மேல இருக்கிற போஸ்ட்டுக்கு ‘ஹெச்’ போட்டிருந்தா?”ன்னான்.

என்கிட்ட பதில் இல்லை. ராத்திரி ரூமுக்கு வந்து, மாற்றுத் திறனாளிகளுக்கு ஏத்த வேலைகள்னு மத்திய அரசு 2021 ஜனவரி 4-ல் வெளியிட்ட பட்டியலைத் திறந்தேன். 3,566 வேலைகள். அதுல 1,046 குரூப் ‘ஏ’. கண்ணு பிதுங்கற அளவுக்கு ஸ்க்ரோல் பண்ணினேன். பட்டியலோட சேர்ந்த குறிப்புகள்ல இருந்தது பதில்: கீழ்ப் படியில இருக்கிற வேலை ஏத்ததுன்னு அடையாளம் காட்டப்பட்டிருந்தா, அதுல இருந்து ப்ரமோஷன்ல போற மேல் வேலைகளும் ஏத்ததாவே எடுத்துக்கணும்.

தூங்கப் போனவனை உலுக்கினேன். ஹியரிங் எய்டைக் கழட்டி வெச்சிருந்தான். லைட்டைப் போட்டு, போனை அவன் முகத்துக்கு நேரா காட்டினேன். ரெண்டு தடவை படிச்சான்.

“ஃபுட்நோட்லயாடா போட்டிருக்காங்க?”ன்னான். எழுந்து உட்கார்ந்து அந்தப் பக்கத்தை ஸ்க்ரீன்ஷாட் எடுத்தான். மறுநாள் காலையில காலேஜ் ஜெராக்ஸ் கடையில அதைப் பிரின்ட் போட்டு, பக்கத்துல இருந்த ஸ்டேஷனரி கடையில ஒரு ஃபைல் வாங்கினான். பச்சைக் கலர் தீர்ந்துபோச்சாம். நீலம்.